தோற்றுப்போன அதிகாரமும் எதிர்த்து நிற்கும் இளையவர்களும்: ஃபேன்டசி நாவலில் ஒரு கலகத்தைக் கட்டுவது எப்படி?

கொடுங்கோல் அரசன், நல்ல பிள்ளைகள், கடைசி அத்தியாயத்தில் எரியும் அரண்மனை. இந்த மூன்றை மட்டும் கையில் வைத்துக்கொண்டு தொடங்கும் நாவல் பாதி தூரத்துக்குள் மூச்சு வாங்கிவிடும். அரசன் கெட்டவன் என்பது முதல் பக்கத்திலேயே தெரிந்துவிட்டது. அவனைக் கவிழ்க்கவேண்டும் என்பதும் தெரிந்துவிட்டது. எப்போது கவிழ்ப்பார்கள் என்பது ஒன்றுதான் மிச்சம். அதற்காக யாரும் நானூறு பக்கம் படிக்கமாட்டார்கள்.

தோற்றுப்போன அதிகாரம் வேறு ரகம். அது ஒரு காலத்தில் வேலை செய்தது. மக்கள் நம்பினார்கள், நம்பியதில் தப்பும் இல்லை. எங்கேயோ ஒரு கட்டத்தில் அது சொன்னதைச் செய்யமுடியாமல் போனது. ஆனால் நாற்காலியில் இருந்து எழுந்திருக்கவில்லை. அப்படிப்பட்ட அதிகாரத்தை எதிர்க்கும் இளையவர்களை எழுதுவது கஷ்டம்தான். எதிரில் நிற்பவர் தாத்தாவாகவோ, பாடம் சொல்லித்தந்தவராகவோ, உயிரைக் காப்பாற்றியவராகவோ இருக்கக்கூடும். இந்த வழிகாட்டி அந்த ரகத்துக்கானது. கூடவே ஒரு கற்பனை ஊரையும் படிப்படியாகக் கட்டிக்கொண்டு போகலாம்.

படி 1: வாக்குறுதியை ஒரே வரியில் எழுதுங்கள்

வரைபடம், மாயவிதிகள், அரச வம்சம் எல்லாம் அப்புறம். உங்கள் உலகத்து அதிகாரம் மக்களுக்குக் கொடுத்த வாக்கு என்ன? அதற்குப் பதிலாக மக்கள் எதைக் கொடுத்தார்கள்? இரண்டும் ஒரே வரியில் அடங்கவேண்டும்.

நம் ஊருக்கு மதிலூர் என்று பெயர் வைப்போம். மலை இடுக்கில் இருக்கிறது. சுற்றிலும் எப்போதும் வெண்பனி. அதில் சிக்கியவர்கள் தங்கள் பெயரையே மறந்துபோவார்கள். ஊரைச் சுற்றியுள்ள மதில் கல்லால் ஆனதல்ல, நிழலால் ஆனது. பதினான்கு வயது ஆனதும் ஒவ்வொருவரும் ஆண்டுக்கொரு முறை தன் நிழலில் ஒரு சாண் வெட்டி மதில் அவையிடம் ஒப்படைக்கவேண்டும். வாக்கு இதுதான்: "நிழலைக் கொடுங்கள், பனி உள்ளே வராது."

"மக்களைக் காப்போம்" என்பது போன்ற பொத்தாம்பொதுவான வாக்கு கதைக்கு உதவாது, அதை உடைக்கவே முடியாது. உடைந்ததா இல்லையா என்று ஒரு சிறுமி ஜன்னலைத் திறந்து பார்த்துச் சொல்லும் அளவுக்கு வாக்கு துல்லியமாக இருக்கட்டும். மதிலூரில் பனி தெருவுக்குள் வந்துவிட்டதா என்று பார்த்தால் போதும்.

கோலோடு நின்று கேட்கும் அரசன் வேலோடு நின்று கேட்கும் வழிப்பறிக்காரனைப் போன்றவன் என்று வள்ளுவர் எழுதியது நினைவிருக்கும். வரிக்கும் கொள்ளைக்கும் நடுவில் இருப்பது இந்த ஒரு வரி வாக்குதான். அது நிற்கும்வரை வாங்குவது வரி. அது போனபின்னும் வாங்கினால் அதற்குப் பெயர் வேறு.

படி 2: எங்கே தோற்றது, யார் மறைத்தது?

சமூகவியலாளர் மாக்ஸ் வெபர் அதிகாரத்தை மூன்று வகையாகப் பிரித்தார்: காலங்காலமாக வரும் வழக்கத்தால் வருவது, ஒரு தனிமனிதரின் ஈர்ப்பால் வருவது, சட்டத்தாலும் பதவியாலும் வருவது. கதை எழுதுபவருக்கு இந்தப் பிரிவினை நிறையக் கைகொடுக்கும், ஏனென்றால் மூன்றும் உடையும் விதம் வேறு. வழக்கத்தால் நிற்பது, "ஏன் இப்படிச் செய்கிறோம்?" என்று ஒரு குழந்தை கேட்டு யாருக்கும் பதில் தெரியாதபோது ஆட்டம் காணும். தனிமனித ஈர்ப்பால் நிற்பது, அந்த மனிதர் நோயில் விழும் நாளில், அல்லது எதிர்பார்த்த அதிசயம் நடக்காத நாளில் சரியும். பதவியால் நிற்பதை அதன் காகிதமே காட்டிக்கொடுக்கும்.

எது உங்களுடையது என்று முடிவு செய்துவிட்டால் ஆதாரம் எங்கே கிடைக்கும், யார் கையில் கிடைக்கும் என்பதும் தானாகத் தெரிந்துவிடும். மதில் அவை மூன்றாவது வகை. யார் எவ்வளவு நிழல் கொடுத்தார், மதிலின் எந்தப் பகுதி எப்போது சரிசெய்யப்பட்டது என்று எல்லாவற்றுக்கும் பேரேடு உண்டு. ஆகவே உண்மை பேரேட்டில்தான் இருக்கவேண்டும்: கீழத்தெருவிலிருந்து நிழல் வரவு வழக்கம்போல் இருக்கிறது, ஆனால் பதினோரு ஆண்டுகளாக மதில் செலவுக் கணக்கில் கீழத்தெரு என்ற பெயரே இல்லை.

தோல்வி ஒரு நிகழ்வு. அதை மறைத்தது இன்னொரு நிகழ்வு. இரண்டையும் ஒன்றாகக் குழப்பிவிடாதீர்கள். மதில் பலவீனமானது யாருடைய குற்றமும் இல்லாமல் இருக்கலாம். மக்கள்தொகை குறைந்திருக்கலாம், பனி கனத்திருக்கலாம். அதை மறைக்க முடிவெடுத்த அந்த ஒரு மாலைப்பொழுதை மட்டும் தனியாக எழுதிப் பாருங்கள், நாவலில் சேர்க்காவிட்டாலும் பரவாயில்லை. அவைத்தலைவர் ஆதனுக்கு முன் இரண்டு வழிகள். உண்மையைச் சொன்னால் பீதியில் மக்கள் பனிக்குள் ஓடிப் பெயரிழப்பார்கள். சொல்லாவிட்டால் கீழத்தெரு மெல்ல மெல்லப் போகும். இந்த ஒரு பனிக்காலம் தாண்டட்டும் என்று நினைத்தார். அந்த ஒரு பனிக்காலம் பதினொன்றாகிவிட்டது. இந்தக் காட்சியை எழுதும்போது உங்களுக்கு அவர்மேல் கொஞ்சமாவது இரக்கம் வரவில்லை என்றால் திரும்பவும் எழுதுங்கள்.

நேர் எதிரான உதாரணம் சிலப்பதிகாரத்தில் இருக்கிறது. பாண்டியன் விசாரிக்காமல் கோவலனைக் கொல்ல ஆணையிடுகிறான். கண்ணகி சபைக்கு வந்து சிலம்பை உடைக்கிறாள். தேவியின் சிலம்பில் இருப்பது முத்து. உடைந்த சிலம்பிலிருந்து தெறித்தது மாணிக்கம். "யானோ அரசன், யானே கள்வன்" என்று அவனே தன்மேல் தீர்ப்பு எழுதி, உயிரையும் விடுகிறான். தவறை ஒப்புக்கொள்ளும் அதிகாரம் எதிர்ப்பவரின் கையிலிருந்து ஆயுதத்தைப் பிடுங்கிவிடும், அவரைத் தனியாகத் தன் கோபத்தோடு விட்டுவிடும். உங்கள் ஆதன் ஒப்புக்கொள்வாரா மாட்டாரா, எந்த அத்தியாயத்தில் என்பதை இப்போதே தீர்மானியுங்கள். பின்னால் தீர்மானித்தால் அது திடீர் மனமாற்றமாகத்தான் தெரியும்.

படி 3: பெரியவர்கள் ஏன் சும்மா இருக்கிறார்கள்?

இந்த வகை நாவல்களில் பெரும்பாலும் ஓட்டை விழும் இடம் இதுதான். பதினாறு வயதுப் பெண்ணுக்குத் தெரிந்தது நாற்பது வயதுக்காரருக்குத் தெரியாதா? பெரியவர்கள் எல்லோரும் முட்டாள்கள் அல்லது கோழைகள் என்று எழுதித் தப்பிக்கலாம். வாசகர் ஏற்கமாட்டார், ஏற்கவும் கூடாது.

வரலாற்றில் பதில் கிடைக்கிறது. 1963ல் அமெரிக்காவின் பர்மிங்காமில் நிறவெறிக்கு எதிரான போராட்டத்துக்குப் பெரியவர்களைத் திரட்டுவது கடினமாக இருந்தது. சிறைக்குப் போனால் வேலை போய்விடும், வேலை போனால் குடும்பம் தெருவுக்கு வந்துவிடும். பள்ளிப்பிள்ளைகளுக்குப் பறிபோக வேலை இல்லை. மே 2 அன்று ஆயிரத்துக்கும் மேற்பட்ட மாணவர்கள் அணிவகுத்து வந்தார்கள், நூற்றுக்கணக்கானோர் கைதானார்கள். மறுநாள் அவர்கள்மீது நாய்கள் ஏவப்பட்டன, தீயணைப்புக் குழாய்களால் தண்ணீர் பீய்ச்சி அடிக்கப்பட்டது. பெரியவர்களுக்குத் தைரியம் குறைவு என்பதல்ல இதில் விஷயம். இழப்பதற்கு என்ன இருக்கிறது என்ற கணக்கு வயதுக்கு வயது வேறு.

உங்கள் உலகத்திலும் அந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்கள். மதிலூரில் நிழல் குறையக் குறைய உடல் குளிரும். நாற்பது வயதானவருக்கு முழங்கால் அளவு நிழல்தான் மிச்சம், அவர் மேலத்தெருவில் கணப்படுப்புக்குப் பக்கத்தில் வாழ அவையின் அனுமதி தேவை. எதிர்த்தால் அனுமதி போகும். இளையவர்களுக்கு நிழல் இன்னும் ஏறக்குறைய முழுசாக இருக்கிறது. அவர்களுக்குக் குளிர் என்னவென்றே தெரியாது.

இன்னொரு காரணத்தையும் வையுங்கள்: இதற்கு முன் ஒருமுறை எதிர்த்துப் பார்த்துத் தோற்ற தலைமுறை. அதில் ஒருவர் உயிரோடு இருக்கட்டும். அவர் பாதி உதவி செய்வார், பாதியில் பின்வாங்குவார். முழுமையாக உதவும் ஞானக்கிழவர் மட்டும் வேண்டாம். அவர் வந்துவிட்டால் முடிவெடுக்கும் வேலை பிள்ளைகள் கையைவிட்டுப் போய்விடும்.

படி 4: ஆட்களைத் திறமையால் அல்ல, இடத்தால் தேர்ந்தெடுங்கள்

வில்வீரன் ஒருவன், மந்திரக்காரி ஒருத்தி, திருடன் ஒருவன், சிரிக்க வைக்க ஒருவன் என்று கூட்டம் சேர்ப்பது பழைய பழக்கம். அதற்குப் பதிலாகக் கேளுங்கள்: இவர்களால் எந்தக் கதவுக்குள் நுழையமுடியும்? எதைத் தினமும் பார்க்கிறார்கள்? எந்த வேலையை இவர்கள் நிறுத்தினால் ஊர் நின்றுபோகும்?

தும்பிக்குப் பதினான்கு வயது, விளக்கேற்றுபவள். மதிலூரில் பனியால் வெயில் விழாது, ஆகவே நிழல் என்பதே விளக்கால்தான் விழும். குறைந்த கூலி போதும் என்று அந்த வேலையைப் பிள்ளைகளிடம் விட்டுவைத்திருக்கிறது அவை. இதை நினைவில் வையுங்கள், கதையின் சாவி இதில்தான் இருக்கிறது. வேளனுக்குப் பதினேழு, பேரேடு எழுதப் பழகுபவன். எயினிக்குப் பதினாறு, ஆதனின் பேத்தி. மூன்று பேரும் மூன்று வெவ்வேறு கதவுகள். தனித்தனியாக யாராலும் ஒன்றும் செய்யமுடியாது.

வயதை எழுதுவதில் கவனம் தேவை. பதினான்கு வயதுக்காரி குட்டி உருவத்தில் இருக்கும் பெரிய மனுஷி அல்ல. புறநானூற்றின் 46ஆம் பாட்டில் ஒரு காட்சி: கிள்ளிவளவன் தன் பகைவன் மலையமானின் பிள்ளைகளை யானைக்காலில் இடறப் போகிறான். கோவூர்கிழார் குறுக்கே நின்று பாடுகிறார். அந்தப் பிள்ளைகள் என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று அவர் சொல்கிறார் பாருங்கள்: அழுதுகொண்டிருந்தவர்கள், யானையைக் கண்டதும் அழுகையை மறந்து, மன்றத்தை மருண்டு பார்த்துக்கொண்டு நிற்கிறார்கள். கொல்ல வந்த யானையும் குழந்தைக்கு முதலில் வேடிக்கைதான். இந்தப் பார்வை கைவந்தால் உங்கள் இளையவர்கள் உயிரோடு நடமாடுவார்கள். ஆபத்தின் நடுவிலும் கவனம் சிதறும், பசிக்கும், யாரோ ஒருவர் தன்னைப் பார்த்துச் சிரித்ததாகத் தோன்றி முகம் சிவக்கும்.

தீர்க்கதரிசனம், "தேர்ந்தெடுக்கப்பட்டவர்" வகையறாக்களை இந்தக் கதையில் தவிர்த்துவிடுங்கள் என்பது என் பிடிவாதமான கருத்து. ஓர் அதிகாரத்தை எதிர்க்க இன்னொரு அதிகாரம் முன்கூட்டியே அனுமதிச்சீட்டு எழுதித் தந்துவிட்டால் அதில் எதிர்ப்பு எங்கே இருக்கிறது? விதியே அனுப்பி வைத்தவளுக்குப் பயந்து பின்வாங்கும் உரிமை கிடையாது. அந்த உரிமை இருந்தும் பின்வாங்காமல் நின்றால்தான் கதை.

படி 5: பொறி சிறியதாக இருக்கட்டும்

கலகம் பெரிய அநியாயத்தால் மூளும் என்று நினைக்கிறோம். பெரிய அநியாயம் விறகு மட்டும்தான். தென்னாப்பிரிக்காவின் சொவெட்டோவில் விறகு பல ஆண்டுகளாக அடுக்கப்பட்டிருந்தது. கறுப்பினப் பிள்ளைகளுக்குத் தாழ்ந்த கல்வியே போதும் என்று வகுத்த சட்டம் வந்தது 1953ல். பொறி வேறு. கணிதம் உள்ளிட்ட பாடங்களை ஆளும் வெள்ளையரின் மொழியான ஆப்பிரிக்கான்ஸில் நடத்தவேண்டும் என்ற 1974ஆம் ஆண்டின் ஆணை. 1976 ஜூன் 16 அன்று ஆயிரக்கணக்கான மாணவர்கள் ஊர்வலமாகப் போனார்கள். காவல்துறை சுட்டது.

பாடம் எந்த மொழியில் என்பது வெளியில் இருந்து பார்ப்பவருக்குச் சின்ன விஷயமாகத் தெரியலாம். உள்ளே இருப்பவருக்கு அது தினமும் காலையில் வகுப்பில் உட்கார்ந்து அனுபவிக்கும் விஷயம். அதுவே பொறியின் இலக்கணம்: அன்றாடம் தொடவேண்டும், இளையவர்களை நேரடியாகத் தொடவேண்டும், அதிகாரத்துக்கு அது அற்பமாகப் படவேண்டும். மதிலூரில் கீழத்தெரு பனியில் மூழ்குவது விறகு. முதல் வெட்டு வயதைப் பதினான்கிலிருந்து பன்னிரண்டாகக் குறைத்து ஒட்டப்படும் அறிவிப்பு பொறி. தும்பியின் தம்பிக்குப் பன்னிரண்டு வயது. அவைக்கோ அது பேரேட்டில் ஒரு எண்ணை அடித்து இன்னொன்றை எழுதும் வேலை.

படி 6: முதல் "மாட்டேன்", அதைவிட முக்கியமாக இரண்டாவது

யேல் பல்கலைக்கழகத்தில் ஸ்டான்லி மில்கிராம் 1961ல் தொடங்கிய சோதனைகளைக் கதை எழுதும் யாரும் தெரிந்துகொள்வது நல்லது. ஆய்வாளர் சொல்லச் சொல்ல, பக்கத்து அறையில் இருப்பவருக்கு மின்னதிர்ச்சி கொடுக்கவேண்டும். அதிர்ச்சி பொய், கொடுப்பவருக்கு அது தெரியாது. 40 பேரில் 26 பேர் கடைசி விசையான 450 வோல்ட் வரை போனார்கள். அப்புறம் அதையே கொஞ்சம் மாற்றினார். கூட உட்கார்ந்திருக்கும் இரண்டு பேர், இருவரும் நடிக்க வந்தவர்கள், நடுவில் மறுத்து எழுந்துவிடுவார்கள். இம்முறை கடைசிவரை போனவர்கள் 40க்கு 4 பேர்தான்.

ஆய்வாளர் அதே ஆய்வாளர், விசை அதே விசை. பக்கத்தில் இருந்தவர்கள் எழுந்தார்கள் என்பது மட்டும்தான் வித்தியாசம். ஆகவே நாயகி மேடையேறி நீண்ட வசனம் பேசுவதைவிட, அவள் மறுத்தபின் வரும் மௌனத்தையும், அந்த மௌனத்தை உடைக்கும் இரண்டாவது ஆளையும் எழுதுவதில் நேரம் செலவிடுங்கள். மதிலூரில் அது எப்படி இருக்கும் என்று ஒரு துண்டு:

வெட்டு மண்டபத்தில் விளக்குகள் எரிந்தன. பன்னிரண்டு வயதுப் பிள்ளைகள் வரிசையில் நின்றார்கள். முன்னால் நின்ற பையனின் நிழல் நீளமாக, பாதியும் வெட்டுக்கல்லின்மேல், விழுந்து கிடந்தது.

"விளக்கைக் கொஞ்சம் தூக்கிப் பிடி, தும்பி" என்றார் வெட்டுக்காரர். நல்ல மனிதர். போன மாதம் அவள் வழுக்கி விழுந்தபோது கைகொடுத்துத் தூக்கிவிட்டவர்.

தும்பி விளக்கைத் தூக்கினாள். அப்புறம் ஊதி அணைத்தாள்.

யாரும் கத்தவில்லை. காற்றடித்திருக்கும் என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். வெட்டுக்காரர் சிரித்துக்கொண்டே, "சரி, ஏற்று" என்றார்.

"மாட்டேன், ஐயா."

அவளுக்கு அதற்குமேல் சொல்ல ஒன்றும் இல்லை. யோசித்து வைத்திருந்த வாக்கியங்கள் எல்லாம் மறந்துபோயின. திரி கருகிய வாசனை மட்டும் மூக்கில் நின்றது. மற்ற விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன, அந்தப் பையனின் நிழல் இப்போது வேறு பக்கமாக விழுந்தது, அவ்வளவுதான். ஒரு விளக்கு அணைந்தால் ஒன்றும் ஆகாது என்று அவளுக்கு அப்போதுதான் உறைத்தது.

மண்டபத்தின் மறுகோடியில், அவள் ஒருபோதும் பேசியிராத ஒரு பையன் தன் விளக்கைக் குனிந்து பார்த்தான்.

இங்கே வெட்டிவிட்டு அடுத்த அத்தியாயத்துக்குப் போகலாம். கவனியுங்கள்: எதிரே நிற்பவர் கொடியவர் அல்ல. தும்பி "ஐயா" என்பதை விடவில்லை. அவள் கையில் இருக்கும் ஆயுதம் அவள் தினமும் செய்யும் வேலை.

படி 7: கலகத்துக்கு நிறைய சில்லறை வேலை உண்டு

மியூனிக்கில் ஹிட்லர் ஆட்சியை எதிர்த்துத் துண்டறிக்கை வெளியிட்ட வெள்ளை ரோஜா குழுவில் பெரும்பாலும் இருபதுகளில் இருந்த மாணவர்கள். 1942 கோடையில் தொடங்கி ஆறு அறிக்கைகள் வெளியாயின. அதற்கு என்னவெல்லாம் தேவைப்பட்டது என்று பாருங்கள்: காகிதம், உறை, தபால்தலை. போர்க்காலத்தில் ஒரே கடையில் மொத்தமாக வாங்கினால் சந்தேகம் வரும், ஆகவே கொஞ்சம் கொஞ்சமாக வெவ்வேறு இடங்களில் வாங்கவேண்டும். பெட்டியில் அடைத்து ரயிலில் வேறு நகரங்களுக்குக் கொண்டுபோய் அங்கிருந்து அஞ்சலில் சேர்க்கவேண்டும். 1943 பிப்ரவரி 18 அன்று பல்கலைக்கழகத்தில் ஹான்ஸும் சோஃபி ஷோலும் அறிக்கைகளை வைத்துவிட்டு, மிஞ்சிய கட்டை சோஃபி மேல்தளத்திலிருந்து கீழே தள்ளிவிட்டார். கட்டடப் பணியாளர் ஒருவர் பார்த்துவிட்டார். நான்கு நாட்களில் மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. அப்போது சோஃபிக்கு வயது 21.

வாசகரின் நெஞ்சு அடித்துக்கொள்வது அந்தத் தபால்தலையில்தான். நாவலிலும் அப்படியே. பேரேட்டின் பக்கத்தை வேளன் எப்படி வெளியே கொண்டுவருவான்? நகலெடுக்க மை எங்கிருந்து வரும், மை குறைவதை யார் கவனிப்பார்? கூடும் இடம் எது? அங்கே போக வீட்டில் என்ன பொய் சொன்னார்கள்?

தந்திரமும் அந்த வயதுக்கே உரியதாக இருந்தால் சுவை கூடும். 1951 ஏப்ரல் 23 அன்று வர்ஜீனியாவின் ஃபார்ம்வில் ஊரில் பார்பரா ஜான்ஸ் என்ற 16 வயது மாணவி, கறுப்பினப் பிள்ளைகளுக்கென்று ஒதுக்கப்பட்ட தன் பள்ளியின் இடநெருக்கடிக்கும் தார்க்காகிதக் கொட்டகை வகுப்புகளுக்கும் எதிராக வேலைநிறுத்தம் நடத்தினார். முதலில் தலைமையாசிரியரைப் பொய்த் தொலைபேசி அழைப்பால் வெளியே அனுப்பினார்கள். பிறகு அவர் எழுதியதுபோல் சீட்டு எழுதி எல்லா வகுப்புகளையும் கூட்ட அரங்குக்கு வரவழைத்தார்கள். பள்ளிக்கூடத்து நடைமுறையை அறிந்த மாணவர்களுக்குத்தான் இப்படித் தோன்றும். தலைமையாசிரியரை வெளியே அனுப்பியது அவரைப் பழியிலிருந்து காக்கவும் உதவியது. ஏமாற்றுவதிலும் ஓர் அக்கறை தெரிகிறதல்லவா, அதை உங்கள் கதைக்கு எடுத்துக்கொள்ளுங்கள்.

படி 8: மாயத்துக்குக் கடிவாளம்

சுருக்கமாகச் சொல்லிவிடலாம். மாயசக்தி அதிகாரத்தின் கையில் இருந்தால், அது எதைச் சார்ந்து நிற்கிறது என்று கண்டுபிடியுங்கள். எதிர்ப்பு அந்த இடத்தில் கைவைக்கட்டும். நிழல் விளக்கைச் சார்ந்தது, விளக்கு பிள்ளைகளைச் சார்ந்தது. கீழ்ப்படிபவர்கள் விலகிக்கொண்டால் ஆள்பவரால் ஒன்றும் செய்யமுடியாது என்ற பழைய உண்மையை மாயவிதியாகவே மாற்றியிருக்கிறோம். இளையவர்களுக்குத் திடீரென்று புதுச் சக்தி பிறப்பதாக மட்டும் எழுதாதீர்கள். அப்படி எழுதினால் பலசாலி ஜெயித்தான் என்பதோடு கதை முடிந்துபோகும்.

படி 9: அவை திருப்பி அடிக்கும் வரிசை

முதல் நாளே சிறையில் தள்ளும் அதிகாரம் புத்தி குறைந்தது. முதலில் கண்டுகொள்ளாது. பிறகு, பிள்ளை விளையாட்டு என்று சிரிக்கும். அதன்பின் பெற்றோரை அழைத்துப் பேசும். நாவலாசிரியர்கள் இதை ஏனோ அதிகம் பயன்படுத்துவதில்லை. அம்மா வாசலில் உட்கார்ந்து, "எனக்காக விட்டுடேன்" என்று கேட்பதைவிடப் பலமான தாக்குதல் எந்தப் படைக்கும் கிடையாது.

அப்புறம் வருவது பேரம். வேளனை அழைத்து ஆதன் திட்டமாட்டார். பேரேட்டைப் படித்துப் புரிந்துகொண்ட முதல் ஆள் நீதான் என்று பாராட்டுவார். அவையில் இடம் தருவார். "உள்ளே வா, வந்து சரிசெய்" என்பார். அதில் உண்மையும் இருக்கவேண்டும். உள்ளே போனால் நிஜமாகவே சிலதைச் சரிசெய்யலாம். வேளன் ஒப்புக்கொண்டால் அவன் துரோகியா? குழுவில் பாதிப் பேர் ஆம் என்பார்கள், பாதிப் பேர் இல்லை என்பார்கள். நண்பர்களுக்குள் வரும் பிளவு இப்படிக் கொள்கையிலிருந்து பிறக்கட்டும், பொறாமையிலிருந்து அல்ல. தண்டனை, அடி, சிறை எல்லாம் இதற்குப் பிறகுதான்.

படி 10: ஜெயித்த மறுநாள் காலை

விளக்குகள் அணைந்தன, வெட்டு நின்றது. சரி, மதில்? கீழத்தெருவில் அது ஏற்கெனவே பொய். மேலத்தெருவில் இன்னும் கொஞ்சம் வேலை செய்துகொண்டிருந்தது. நிழல் வரத்து நின்றால் அதுவும் மெலியும். தும்பியின் மறுப்பால், எந்தத் தப்பும் செய்யாத ஒரு மேலத்தெருக் கிழவி தன் பெயரை மறக்கக்கூடும். இந்த விலையை ஒளிக்காதீர்கள். கண்ணகிகூட நெருப்பை ஏவும்போது யாரை விட்டுவிடவேண்டும் என்று பட்டியல் சொல்லித்தான் ஏவினாள். அதில் முதியோரும் குழந்தைகளும் உண்டு. அவ்வளவு கோபத்திலும் அந்த எண்ணம் வந்தது. உங்கள் பாத்திரங்களுக்கு அது எப்போது வருகிறது, வந்தபின் என்ன செய்கிறார்கள்?

வெற்றி உடனடியாகப் பலன் தரும் என்றும் எழுதவேண்டியதில்லை. பார்பரா ஜான்ஸின் வேலைநிறுத்தம் வழக்காகி, பள்ளிகளில் நிறப்பாகுபாடு செல்லாது என்ற 1954ஆம் ஆண்டுத் தீர்ப்பில் இணைந்த ஐந்து வழக்குகளில் ஒன்றானது. அதற்கு அந்த மாவட்டம் என்ன செய்தது தெரியுமா? பிள்ளைகளைச் சேர்த்து உட்காரவைப்பதைவிட மேல் என்று அரசுப் பள்ளிகளையே 1959 முதல் 1964 வரை மூடிவைத்தது. தோற்ற அதிகாரம் எழுந்து போகும்போது கதவைப் பூட்டிச் சாவியையும் எடுத்துப்போகும். முடிவு எழுதும்போது மதில் அவையின் பிடிவாதத்தை இதைவிடக் குறைவாக மதிப்பிடாதீர்கள்.

இன்னொன்று: பேரேடு இனி யார் கையில்? வேளன் எழுதத் தொடங்கினால், அவனும் ஒரு பனிக்காலத்துக்கு மட்டும் எதையாவது மறைக்க நேருமா? இதற்கு விடை சொல்லாமல் விடலாம், ஆனால் கேள்வி அவன் மனதில் ஒருமுறையாவது ஓடவேண்டும்.

படி 11: திருத்தும்போது பேச்சை மட்டும் தனியாகப் படியுங்கள்

முதல் வரைவு முடிந்ததும் விவரிப்பையெல்லாம் தாண்டிவிட்டு உரையாடல்களை மட்டும் வாய்விட்டுப் படியுங்கள். இளையவர்கள் மேடைப்பேச்சாளர்போல் பேசும் இடங்கள் உடனே காதில் இடறும். "அநீதி", "விடுதலை" போன்ற சொற்கள் எத்தனை முறை அவர்கள் வாயில் வருகின்றன என்று பாருங்கள். அவற்றில் பெரும்பாலானவற்றை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் விளக்கு, பேரேடு, தம்பி என்று கண்ணுக்குத் தெரியும் ஒன்றை வையுங்கள்.

தமிழில் எழுதுபவருக்கு இன்னொரு வசதி, விளிப்பு. யார் யாரை எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்பதிலேயே அதிகாரம் முழுவதும் இருக்கிறது. கண்ணகி நேராக "தேரா மன்னா" என்றாள். ஆராயாத அரசனே என்று முகத்துக்கு நேரே. ஆனால் மரியாதையைக் குறைப்பது ஒன்றே வழியல்ல. எயினி நாவல் முழுக்க ஆதனைத் தாத்தா என்றே கூப்பிடுகிறாள், கோபத்திலும் அப்படித்தான். ஊர் கூடிய அவையில் எழுந்து நின்று முதல்முறையாக "அவைத்தலைவரே" என்கிறாள். மரியாதை கூடியிருக்கிறது, உறவு அறுந்திருக்கிறது. அவர் கை நாற்காலியின் விளிம்பைத் தேடும். அந்த இடத்தில் நீங்கள் ஒரு பத்தி விளக்கம் எழுதி வைத்திருந்தால், அதை அடித்துவிடுங்கள்.